யாரும் நிற்காத துண்டுகள்

அந்த மென்பொருளில் ஒரு சின்னக் கட்டம் இருக்கிறது. அதற்குள் ஓர் எண்ணைத் தட்ட வேண்டும். இவ்வளவு நேரத்துக்குக் குறைவாக மனிதர் நின்ற நிலத்தையெல்லாம் நீக்கிவிடு என்று அதற்குப் பொருள். எண்ணைத் தட்டிவிட்டுப் பொத்தானை அழுத்தினால் நிலம் போய்விடும். இது யாருடைய இடம், இங்கே ஏன் யாரும் நிற்கவில்லை, நிற்க விட்டார்களா என்று அது கேட்காது. பச்சைக் கோடு ஒன்று இடமிருந்து வலமாக ஓடி முடியும். முடிந்தது என்று சொல்லும். அவ்வளவுதான்.

அந்தக் கட்டத்தின் மேல் எனக்கு வந்த கோபம் இன்னும் இறங்கவில்லை. சோற்றைப் பிசையும்போது வருகிறது. பாரோய் சிக்னலில் சிவப்பு விளக்குக்குக் காத்திருக்கும்போது வருகிறது. ஒரு மென்பொருள் மேல் இவ்வளவு கோபமா என்று என் கணவர் கேட்கிறார். மென்பொருள் மேல் மட்டும் இல்லை, ஆனால் அதில்தான் தொடங்கியது.

என் அக்கா சிரம்பானில், ரஹாங் பக்கம் இருக்கிறாள். ஐம்பதைத் தாண்டியவள், மின்னணுத் தொழிற்சாலையில் இருபது வருடத்துக்கு மேலாக நின்றுகொண்டே வேலை பார்ப்பவள். ஊரே பூட்டிக்கிடந்த கொரோனா மாதங்களில் தொழிற்சாலையும் பூட்டியது. மகள் வேலைக்காக ஜொகூருக்குப் போனபோது விட்டுவிட்டுப் போன டேப்லட்டில் ஒரு விளையாட்டு இருந்தது. எல்லாமே சதுரக் கட்டை. மண் கட்டை, மரம் கட்டை, மாடு கட்டை, வானத்தில் சூரியன்கூடக் கட்டை. வெட்டி எடுக்கலாம், எடுத்ததை இன்னோர் இடத்தில் வைக்கலாம். ஜெயிப்பதும் தோற்பதும் கிடையாது. அக்கா முதலில் ஒரு கோழிக்கூடு கட்டினாள். பிறகு தோட்டத் தொழிலாளிகள் வரிசையாகக் குடியிருக்கும் லயத்து வீடு ஒன்று. பிறகு அதன் பக்கத்தில் இன்னொன்று. கடைசியில் நாங்கள் பிறந்த ரப்பர் தோட்டமே டேப்லட்டுக்குள் எழுந்து நின்றது: தண்ணீர்க் குழாய், காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்களம், ரப்பர் பால் கொண்டுபோய்க் கொட்டும் ஸ்டோர், மேட்டின் மேல் ஆபீஸ், வரிசை வரிசையாகப் பால்மரம்.

அந்த நாள் திரும்ப வராதா என்ற ஏக்கம் என்று யாராவது நினைத்தால் அவர்களுக்கு என் அக்காவைத் தெரியாது. அவள் திட்டிக்கொண்டே கட்டினாள். தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணியின் வீட்டைக் கட்டி முடித்ததும், அந்த விளையாட்டில் கிடைக்கும் கழுதைகள் இரண்டைத் தேடிப் பிடித்து உள்ளே தள்ளிக் கதவை அடைத்தாள்.

"எதுக்குக்கா?"

"பேர் வெட்டுவானே, அதுக்கு. கெடக்கட்டும் உள்ள."

பெரட்டுக்கு ஒரு நிமிடம் பிந்தினால் அன்றைய பேரை வெட்டிக் கூலியை இல்லாமல் ஆக்கிவிடுகிற ஆள் அந்தக் கிராணி. ஆள் செத்துப் பல வருடம். அக்கா இன்னும் மன்னிக்கவில்லை. அவள் கட்டியது புகார். தோட்டத்தைச் சாட்சிக்குக் கூப்பிட்டு நிறுத்தியிருந்தாள்.

எதற்குச் சாட்சி என்பதைச் சொல்ல வேண்டும்.

அக்காவின் முதல் பிள்ளை பிறந்து, பேர் வைக்கும் முன்பே இறந்துபோனது. எங்களில் சின்னப் பிள்ளையை எரிப்பதில்லை, புதைப்பார்கள். மாலை மங்கும் நேரம் ஆண்கள் மட்டும் போனார்கள். அப்பா துணியில் சுற்றிய பிள்ளையைக் கையில் ஏந்திக்கொண்டு முன்னால், அரிக்கேன் விளக்கோடு அத்தான் பின்னால். தாய் பின்வாசலைத் தாண்டக் கூடாது. அக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். விளக்கு மரங்களுக்கு நடுவே ஆடிக்கொண்டே மேட்டில் ஏறி, அந்தப் பக்கம் இறங்கி மறைந்தது. அவள் பார்த்தது அவ்வளவுதான். "ஓடைப் பக்கம், கொய்யா மரத்தடியில. ஆத்துக் கல் ஒண்ணு வச்சிருக்கு" என்று அப்பா திரும்பி வந்து சொன்னார். பிறகு அதைப் பற்றி யாரும் பேசவில்லை. பேசினால் அவள் அழுவாள் என்று பேசவில்லை. பேசாததால் அவள் அழுதது யாருக்கும் தெரியவில்லை.

சில வருடத்தில் பால்மரங்களை வெட்டிவிட்டு எண்ணெய்க்காகச் செம்பனை போட்டார்கள். லயத்தைக் காலி செய்யச் சொன்னார்கள். எல்லாரும் கிளம்பினோம். அந்தக் கல்லருகே அக்கா ஒரு தடவைகூட நின்றதில்லை.

இப்போது செம்பனையும் போய்விட்டது. தோட்டம் ஒரு வீடமைப்பு நிறுவனத்தின் கையில். வளைந்த சாலைகள், வெள்ளை வீடுகள், நடுவில் ஓர் ஏரி, ஏரியைச் சுற்றி ஓடுபாதை. அந்த ஏரி இயற்கையானதல்ல, தோண்டப் போகிறார்கள். தோண்டப் போகும் இடம் மேட்டுக்கு அந்தப் பக்கம், ஓடையை ஒட்டி. அக்கா போய்க் கேட்டாள். அங்கே மயானம் இருந்ததற்குப் பதிவு எதுவும் இல்லை, ட்ரோன் விட்டுப் பார்த்ததில் யாரும் வந்து போவதாகவும் தெரியவில்லை, அது காலி நிலம் என்று சொன்னார்கள்.

காலி நிலம். அந்தச் சொல்லை அவள் வீட்டுக்குக் கொண்டுவந்து பல நாள் மென்றுகொண்டிருந்தாள்.

அப்போதுதான் அந்த நிறுவனத்தின் மக்கள் தொடர்பு அதிகாரி வந்தார். நம் ஆள்தான். முப்பத்தைந்து வயது இருக்கும், டை கட்டியவர், செண்ட் வாசம். விற்பனைக் கூடத்தில் பழைய தோட்டத்தின் ஞாபகமாக ஒரு மூலை வைக்கப் போகிறார்களாம். பழைய ஆட்களிடம் படம் கேட்டு ஒவ்வொரு வீடாக வந்தவர், ரஹாங்கில் அக்கா வீட்டிலும் வந்து உட்கார்ந்தார். அக்கா படம் எதையும் எடுக்கவில்லை. டேப்லட்டை நீட்டினாள்.

"ஆன்ட்டி! இது நீங்களா செஞ்சீங்க? வேற லெவல்லா!"

"நான் உனக்கு ஆன்ட்டியா? சரி, இருந்துட்டுப் போறேன். இத அங்க வைப்பியா?"

"பெரிய ஸ்கிரீன்ல வைப்போம் ஆன்ட்டி. வீடு வாங்க வர்றவங்க தொட்டுத் தொட்டு உள்ள நடந்து போற மாதிரி."

"சுடுகாடும் இருக்கும். அதையும் காட்டணும். காட்டுனாத்தான் குடுப்பேன்."

"காட்டலாம் ஆன்ட்டி. ஏன் காட்டக் கூடாது?"

அவர் வாயிலிருந்து அது வந்ததை நானும் கேட்டேன். அக்காவின் கணக்கு எளிமையானது. திறப்பு விழாவில் நாலு பேர் முன்னால் அந்த இடம் பெரிய திரையில் தெரிந்துவிட்டால், அதற்கப்புறம் அங்கே ஒன்றும் இல்லை என்று எவனும் சொல்ல முடியாது. வழக்கறிஞர் பிடிக்கவோ வழக்குப் போடவோ அவளுக்கு வழியில்லை. அவளிடம் இருந்தது கட்டை உலகம் ஒன்றுதான்.

ஆனால் அவர்களுக்கு டேப்லட் வகை ஆகாது, கணினி வகை வேண்டும். ஒரே விளையாட்டுத்தான், ஆனாலும் இரண்டும் உலகத்தைச் சேமித்து வைக்கும் விதம் வேறு. ஒன்றில் கட்டியதை மற்றது படிக்காது. இடையில் மாற்றித்தரும் மென்பொருள் ஒன்று வேண்டும். அந்த வேலை என் தலையில் விழுந்தது. சிரம்பானில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் கடையில் நான் வடிவமைப்பு செய்கிறேன், வீட்டில் மடிக்கணினி இருக்கிறது, போதாதா.

உலகத்தை ஒரே கோப்பாக டேப்லட்டிலிருந்து எடுத்து, மாற்றும் மென்பொருளுக்குள் போட்டு, எந்த வகைக்கு என்று தேர்ந்தெடுத்துவிட்டுக் காத்திருந்தேன். வந்து சேர்ந்ததைப் பார்த்து அக்கா தலையில் கை வைத்துக்கொண்டாள். லயத்துப் படிக்கட்டுகள் திரும்பி நின்றன. சில கதவுகள் பாதியாக நின்றன. இந்தப் பக்கத்துக் கட்டைக்கு அந்தப் பக்கத்தில் ஜோடி இல்லையென்றால் அந்த இடத்தில் வெறும் காற்று. ஸ்டோர் கூரையில் பெரிய ஓட்டை. பலகைகளில் அவள் எழுதியிருந்த தமிழ் எல்லாம் காலிப் பெட்டி காலிப் பெட்டியாக நின்றது. எத்தனை கருவி வந்தாலும் முதலில் உதிர்வது எங்கள் எழுத்துத்தான். பத்திரிகைக் கடையில் வருடக் கணக்காக அதோடு மல்லுக்கட்டுகிறேன், பழகிவிட்டது என்று சொல்ல மாட்டேன், பழகவில்லை. கழுதைகள் மட்டும் பத்திரமாக வந்து சேர்ந்திருந்தன.

"பாத்தியா? கிராணிக்கு ஒரு கொறையும் வராது" என்றாள் அக்கா.

வாராவாரம் பாரோய்க்கு வந்து, என் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, மவுஸைச் சபித்துக்கொண்டே ஒவ்வொரு வீடாக நடந்து சரி செய்தாள். படியைத் திருப்பினாள். கூரையை அடைத்தாள். வேறு எழுத்துரு போட்டு நான் பலகைகளை மீட்டேன். எல்லாம் ஆனது. மேட்டுக்கு அந்தப் பக்கம் மட்டும் பாக்கி. டேப்லட்டில் அவள் அங்கே ஒரு கட்டைகூட வைத்திருக்கவில்லை.

"நீயே போடு. நான் உள்ள போகமாட்டேன்."

"அக்கா, இது கேம்."

"கேமா இருந்தா என்னா? தாய் போகக் கூடாது."

வாதாடிப் பயனில்லை. அதற்கும் ஒரு மென்பொருள் இருந்தது. விளையாட்டைத் திறக்காமலே உலகத்தைத் திறந்து காட்டும், வானத்திலிருந்து பார்ப்பது போல. வேண்டிய நிலத்தைப் பெட்டி போட்டுத் தேர்ந்தெடுக்கலாம், வெட்டலாம், ஒட்டலாம். யாரும் காலால் நடந்து போக வேண்டியதில்லை. அக்கா நாற்காலியைத் திருப்பிப் போட்டு, திரைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டு, அப்பா அவளிடமும் மற்றவர்களிடமும் சொன்னதையெல்லாம் சேர்த்துச் சொன்னாள். ஓடை இப்படி வளையும். பெரியவர்களுடைய மேடுகள் கிழக்கே. சின்னதுகள் ஓடை ஓரமாக. கொய்யா மரம் தண்ணீருக்கு இந்தப் பக்கம். அந்த விளையாட்டில் கொய்யா இல்லை. குட்டையான வேறொரு மரத்தை வைத்தேன். அதனடியில் பாசி படிந்த கல் கட்டை ஒன்றே ஒன்று. தனியாகச் செய்து, கொண்டுபோய் ஒட்டினேன்.

"வச்சிட்டியா?"

"வச்சிட்டேன்கா."

"சரி, மூடு."

கோப்பைக் கொண்டுபோய்க் கொடுத்தோம்.

திறப்பு விழாவில் கூடாரம், மேளம், வாழையிலை விரித்து லெமாங் சோறு, சத்தே இறைச்சி. கண்ணாடிப் பெட்டிக்குள் குட்டி வெள்ளை வீடுகளும் நீலப் பிளாஸ்டிக் ஏரியும். ஒரு மூலையில் பெரிய திரை. அதில் அக்காவின் தோட்டம். பட்டுச் சேலை கட்டி வந்திருந்தாள். பழைய ஆட்கள் சிலர் திரையைத் தொட்டு அவரவர் வீட்டைத் தேடிச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். ஒரு சீனத் தம்பதி கழுதைகளைப் படம் எடுத்தார்கள்.

"தம்பி, மேட்டுக்கு அந்தப் பக்கம் காட்டு" என்றாள் அக்கா.

அதிகாரி திரையை விரலால் தள்ளினார். பால்மர வரிசைகள் ஓடின. மேடு வந்தது. மேட்டின் உச்சி வந்தது. அந்தப் பக்கம் பச்சைப் புல். மஞ்சளும் சிவப்புமாகப் பூக்கள். நாலைந்து வெள்ளை ஆடுகள் சதுரமாக நின்று மேய்ந்துகொண்டிருந்தன. ஓடை இல்லை. மரம் இல்லை. கல் இல்லை.

"இங்க ஒண்ணும் இல்லையே ஆன்ட்டி."

ஓர் ஆடு கத்தியது. பின்னால் நின்ற யாரோ சிரித்தார்கள்.

அக்கா திரைக்கு அருகே போனாள். கையை அந்தப் புல்லின் மேல் வைத்தாள். தொட்டதால் காட்சி குலுங்கி வேறெங்கோ போனது.

"எங்கய்யா எம்புள்ள?"

அதிகாரிக்குப் புரியவில்லை. ஏதோ விளையாட்டுப் பாத்திரத்தைக் கேட்கிறாள் என்று நினைத்துக்கொண்டு, "யாரு ஆன்ட்டி?" என்றார்.

நான் திரையைப் பார்த்துக்கொள்ளும் தொழில்நுட்ப ஆளைத் தேடிப் பிடித்தேன். மலாய்க்காரர், அமைதியானவர், தொப்பியைக் கழற்றிவிட்டுப் பேசினார். கோப்பு பெரிதாக இருந்ததாம், திரைக்குள் இருக்கும் கணினி திணறியதாம். அதனால் சுத்தம் செய்யும் மென்பொருளில் போட்டு எடுத்தாராம். மடிக்கணினியைத் திறந்து காட்டினார். அப்போதுதான் அந்தக் கட்டத்தை முதல்முறையாகப் பார்த்தேன். கணினி வகை உலகம் துண்டு துண்டாகச் சேமிக்கப்படுகிறது. விளையாடுகிற ஆள் ஒரு துண்டிலோ அதன் சுற்று வட்டாரத்திலோ எவ்வளவு நேரம் இருந்தார் என்று ஒவ்வொரு துண்டும் எண்ணி வைத்துக்கொள்கிறது. யாரும் நிற்காத துண்டுகளை அந்த மென்பொருள் தூக்கிவிடும். பிறகு உலகத்தைத் திறந்தால், ஓட்டை விழுந்த இடத்தில் விளையாட்டே புது நிலத்தை முளைக்க வைக்கும். புல், பூ, ஆடு.

லயத்தில் அக்கா மணிக்கணக்காக நடந்திருந்தாள். லயம் தப்பியது. மேட்டுக்கு அந்தப் பக்கம் வெகுதூரம். அதை நான் வானத்திலிருந்து ஒட்டியிருந்தேன். அங்கே எண்ணிக்கை பூஜ்யம்.

"நான் எதையும் அழிக்கவில்லை, காக். ஆள் இல்லாத இடத்தைத்தான் அது எடுத்தது" என்று என்னை அக்கா முறை வைத்து மலாயில் சொல்லி மன்னிப்பும் கேட்டார். உண்மையான மன்னிப்பு. திட்டுவதற்கு ஓர் ஆள் வேண்டும் எனக்கு. ஆள் கிடைக்கவில்லை. அவர் பொத்தானை அழுத்தினார், மென்பொருள் முடிவு செய்தது, விளையாட்டு ஆட்டை விட்டது. எல்லாரும் அவரவர் வேலையைச் செய்தார்கள்.

அதிகாரி வந்து என் தோளருகே குனிந்தார். "விடுங்கலா, சிஸ்டர். ஆடு மேயுது, பாக்க அழகாத்தான் இருக்கு. வீடு வாங்க வர்றவங்ககிட்ட போயி சுடுகாட்டக் காட்டுனா எப்படி?"

அக்கா திரும்பினாள். "காட்டலாம்னு சொன்னது யாருடா? உன் வாய்தானே? டை கட்டுன கிராணி நீ. அவனாச்சும் பேரத்தான் வெட்டுனான்."

மேளக்காரர்கூட ஒரு நொடி நிறுத்தினார். நான் அவள் கையைப் பிடித்து வெளியே கொண்டுவந்தேன்.

கார் பாரோய் சிக்னலில் நின்றபோது அக்கா கேட்டாள்: "யாரும் நிக்கலன்னா அழிச்சிருமா அது?"

"ஆமாக்கா."

"நிக்க விட்டாங்களா?"

பச்சை விழுந்தும் நான் காரை எடுக்கவில்லை. பின்னால் ஹாரன் அடித்தார்கள். அடிக்கட்டும். லயத்தை இடித்து ஆட்களைத் துரத்தியவர்கள், வேலி போட்டுக் காவலும் வைத்தவர்கள், மேலே ட்ரோனைப் பறக்க விட்டுப் பார்த்துவிட்டு யாரும் வருவதில்லை என்று எழுதிக்கொண்டார்கள். துரத்தியவனே வந்து வருகைப் பதிவு எடுக்கிறான். பெரட்டுக்களத்தில் நடந்த அதே வேலை. அது ஒரு பக்கம். இன்னொரு பக்கம் எங்கள் ஆண்கள். தாய் வரக் கூடாது என்றார்கள். வந்தவர்களும் திரும்பிப் பார்க்காமல் போக வேண்டும் என்றார்கள். புதைத்த கையோடு வேகமாக நடந்து, குளித்து, மறந்துவிடு. அப்பாவைத்தான் சொல்கிறேன், அத்தானைத்தான் சொல்கிறேன். அன்பில்லாதவர்கள் இல்லை. ஆனால் அவர்கள் போட்ட விதியும் கம்பெனி போட்ட விதியும் அந்த ஓடைக்கரையில் கை குலுக்கிக்கொண்டன. நடுவில் ஒரு பெண் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள், எந்தக் கருவியும் எண்ணாத இடத்தில்.

அடுத்த ஞாயிறு மதியம் அவளே வந்தாள். கேட் திறக்கும் சத்தத்திலேயே கோபம் தெரிந்தது.

"உங்கிட்ட இன்னொண்ணு இருக்கில்ல? அழியாதது?"

"இருக்கு." கொடுத்தது நகல்தான். அசல் என் மடிக்கணினியில் அப்படியே இருந்தது.

"தொற."

திறந்தேன். உட்கார்ந்தாள். லயத்துப் பின்வாசலில் அவளுடைய ஆள் நின்றது, நீலச் சட்டை போட்ட கட்டைப் பொம்மை. கையில் ஒரு தீப்பந்தத்தை எடுத்து வைத்தாள். பால்மரங்களுக்கு நடுவே நடந்தாள். மேடு ஏறினாள். உச்சியில் நிறுத்திவிட்டாள். மவுஸின் மேல் கை அப்படியே கிடந்தது. சமையலறையில் குக்கர் விசில் அடித்தது; நான் எழுந்து போகவில்லை.

பிறகு இறங்கினாள்.

மரத்தடிக்குப் போய், கல்லுக்கு நேர் எதிரே நின்றாள். உற்றுப் பார்த்தாள்.

"கல்லு இவ்ளோ பெருசா இருக்காதுடி."

"அதவிடச் சின்னக் கட்ட இதுல இல்லக்கா."

"புள்ளயே இவ்ளோதான் இருந்துச்சு." இரண்டு கையையும் மேசைக்கு மேல் தூக்கி அளவு காட்டினாள். முழங்கையிலிருந்து விரல் நுனி வரைக்கும்கூட வரவில்லை. கைகளை அப்படியே கொஞ்ச நேரம் வைத்திருந்தாள். கீழே இறக்கத் தெரியாதவள் போல.

பிறகு எழுந்தாள். "துண்டு எடு. தண்ணி ஊத்திக்கிட்டு வரேன்."

"இப்பயா?"

"சுடுகாட்டுக்குப் போயிட்டு வந்திருக்கேன்லா. குளிக்காம உன் வீட்டுல சோறு திம்பேனா?"

எனக்குச் சிரிப்பு வந்தது. அவளுக்கும் வந்தது. குளியலறையிலிருந்து வாளி வாளியாகத் தண்ணீர் விழும் சத்தம் வெகு நேரம் கேட்டது. அவ்வளவு நேரமும் திரையில் அவளுடைய ஆள் கல்லின் முன்னால் நின்றுகொண்டிருந்தது, தீப்பந்தத்தோடு. தலையைத் துவட்டிக்கொண்டு வந்தவளிடம், மூடிவிடவா என்று கேட்டேன்.

"நிக்கட்டும்."

"எவ்வளவு நேரம்?"

"அது எவ்வளவு கேக்குதோ அவ்வளவு. அதுக்கு மேலயும்."

அந்த வாரம் முழுக்க என் சாப்பாட்டு மேசையில் ஒரு பெண் தன் பிள்ளையின் அருகே நின்றாள். வேறு எதையாவது திறந்தால் விளையாட்டு நின்றுவிடும், எண்ணிக்கையும் நின்றுவிடும். அதனால் மடிக்கணினியை யாரும் தொடவில்லை. மின்விசிறி இரைந்துகொண்டே இருந்தது. என் கணவர் தட்டை மடியில் வைத்துச் சாப்பிட்டார். திரைக்குள் இருட்டியது, விடிந்தது, மழை பெய்தது. அக்கா தொழிற்சாலை இடைவேளையில் ஃபோன் போட்டு, "நிக்கிறேனா?" என்று கேட்பாள். "நிக்கிற" என்பேன்.

கோப்பை மறுபடி கொண்டுபோனோம். அதிகாரி வேறு கூட்டத்தில் இருந்தார். அந்தத் தொழில்நுட்ப ஆளைக் கூப்பிட்டு, அதே மென்பொருளில், அதே கட்டத்தில், அதே எண்ணைப் போட்டு எங்கள் கண் முன்னால் அழுத்தச் சொன்னேன். அழுத்தினார். பச்சைக் கோடு ஓடியது. உலகத்தைத் திறந்து, தானே மேட்டைத் தாண்டிப் போய்ப் பார்த்தார்.

"ஆட, காக்" என்றார். இருக்கிறது.

அக்கா அவர் முதுகில் ஒரு தட்டுத் தட்டினாள். பெரிய திரையில் அன்றே ஏற்றிக் கொடுத்தார்.

அடுத்த வாரம் போனபோது திரையில் எங்கள் தோட்டம் இல்லை. ஏரிக்கரையில் ஓடும் ஒரு வெள்ளைக் குடும்பத்தின் விளம்பரப் படம் சுற்றிச் சுற்றி ஓடிக்கொண்டிருந்தது. கேட்டால் பழுது என்றார்கள். மேலிடத்தில் பேசிக்கொண்டிருக்கிறோம் என்றார் அதிகாரி, ஃபோனில். நான் அந்த வரவேற்பு மேசையில் கத்திய கத்தலில் அங்கிருந்த பெண் தண்ணீர் போத்தல் எடுத்து நீட்டினாள். அதை வாங்கியும் கத்தினேன். எந்த மென்பொருளும் இதைச் செய்யவில்லை. இதை ஒரு மனிதன் உட்கார்ந்து யோசித்துச் செய்தான். தேடிக்கொண்டிருந்த ஆள் கிடைத்துவிட்டான் என்று ஒரு வகையில் நிம்மதியாகக்கூட இருந்தது.

அக்கா கத்தவில்லை. கண்ணாடிப் பெட்டியில் அந்த நீலப் பிளாஸ்டிக் ஏரியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "வா, வீட்டுக்குப் போவோம்" என்றாள்.

மறுநாள் காலை ரஹாங்கில் அவள் வாசலில் கார் நிறுத்தியபோது, சிவப்புப் பிளாஸ்டிக் நாற்காலி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பின் சீட்டில் போட்டாள். தண்ணீர், பிஸ்கட், விசிறி.

"எங்கக்கா?"

"தெரியாத மாதிரி கேப்பா பாரு."

விற்பனைக் கூடத்தைத் தாண்டி, வேலிக்கு வெளியே காரை நிறுத்தி, லாரி போகும் வழியாக உள்ளே நடந்தோம். செம்பனையை வெட்டிச் சாய்த்துப் போட்டிருந்தார்கள். மண் சிவப்பாகத் திறந்து கிடந்தது. மேட்டில் ஏறும்போது அவள் என் தோளைப் பிடித்துக்கொண்டாள். உச்சியில் நிற்கவில்லை. நிற்பாள் என்று நினைத்தேன். நேராக இறங்கினாள்.

ஓடை இருந்தது, பாதி மூடிப்போய். கொய்யா மரம் இல்லை. கற்கள் இருந்தன, நிறைய, எல்லாம் ஒரே மாதிரி. எது என்று சொல்ல அப்பா இல்லை, அத்தானும் இல்லை. கொஞ்சம் தள்ளி மஞ்சள் எக்ஸ்கவேட்டர் ஒன்று வாளியை மண்ணில் ஊன்றி நின்றது. அக்கா கற்களுக்கு நடுவே அங்கும் இங்கும் நடந்தாள். ஓர் இடத்தில் நாற்காலியை அழுத்தி வைத்தாள். உட்கார்ந்தாள். நாற்காலிக் கால்கள் ஈர மண்ணில் கொஞ்சம் இறங்கின.

காவலாளி ஓடி வந்தார். நேப்பாளத்து ஆள், உடைந்த மலாயில் பேசினார். இங்கே ஆள் வரக் கூடாது, மேலிடம் திட்டும், இங்கே ஒன்றும் இல்லை.

"நான் இருக்கேன்ல" என்றாள் அக்கா தமிழிலேயே.

எவ்வளவு நேரம் என்று கேட்டார். அக்காவுக்கு அது புரிந்தது. விசிறியால் எக்ஸ்கவேட்டரைக் காட்டி, அது போற வரைக்கும் என்றாள். அது அவருக்குப் புரிந்ததா என்று தெரியவில்லை. அவர் அவளைப் பார்த்தார், கற்களைப் பார்த்தார். இடுப்பிலிருந்த வாக்கி டாக்கியை எடுத்து, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, மெதுவாகச் சொன்னார்: "போஸ், சினி ஆட ஓராங்." இங்கே ஆள் இருக்கிறது.

என் கைப்பையில் ஃபோன் அடித்தது. அதிகாரியின் எண். அடிக்கட்டும் என்று விட்டேன். வெயில் ஏறத் தொடங்கியிருந்தது.

"நாளைக்கு வரும்போது கொட எடுத்துட்டு வா" என்றாள் அக்கா. "உனக்கும் ஒரு நாக்காலி."